சீமாட்டியின் பேனாவுக்கு யார் சொந்தக்காரன்?

பட்டுக் கவுன்! முத்து மாலை! கையிலே விசிறி, காலடியிலே கம்பளம், தலைக்கு மேலே நூறு மெழுகுவர்த்தி எரியும் சரவிளக்கு! சீமாட்டி வருகிறாள். சிரிக்கிறாள். சீமான்கள் தலை வணங்குகிறார்கள். இப்படித் தொடங்கும் ஏடுகள் எத்தனை எத்தனை! இங்கிலாந்திலே இருநூறு ஆண்டுகளுக்கும் மேலாக விலை போகும் சரக்கு இது. அன்று மூன்று பாகமாகக் கட்டிய நாவல். இன்று திரைப்படம், தொலைக்காட்சித் தொடர். விசிறியும் மாறவில்லை, விளக்கும் மாறவில்லை.

ஆலைச் சங்கு கேட்டுக் கண்விழிக்கும் தோழர் கேட்பார்: "சீமாட்டிகளின் சிங்காரக் கதை எனக்கெதற்கு? என் வீட்டு விளக்குக்கு எண்ணெய் தேடும் கவலை எனக்கு!" நியாயமான கேள்விதான். ஆனால் தோழரே, அந்தப் பட்டுக்கும் பகட்டுக்கும் உள்ளே ஒரு கூலித் தகராறு ஒளிந்து கிடக்கிறது. உழைத்தது ஒரு கை, கூலி வாங்கியது இன்னொரு கை என்கிற, உமக்கு நன்றாகவே தெரிந்த, பழைய தகராறு! அதைத்தான் இங்கே எடுத்து வைக்கப் போகிறேன்.

சரக்கு எப்படி விற்றது என்பதை முதலில் பார்த்துவிடுவோம். 1820-களிலும் 30-களிலும் இலண்டனில் ஹென்றி கோல்பர்ன் என்றொரு பதிப்பாளர் இருந்தார். கெட்டிக்கார வியாபாரி. புதுப்பணம் சேர்த்த வணிகனுக்கும் வக்கீலுக்கும் பிரபுக்களின் விருந்தறையை எட்டிப் பார்க்க ஆசை உண்டு என்பது அவருக்குத் தெரியும். யார் யாருக்கு முதலில் வணக்கம் சொல்லவேண்டும், எந்தத் தையற்காரனிடம் சட்டை தைக்கவேண்டும், எந்த வீட்டு அழைப்பு உயர்த்தி, எது மட்டம் என்பதையெல்லாம் கதையாக்கி விற்றார். எழுதியவர் பட்டம் பெற்ற பிரபுவாகவோ சீமாட்டியாகவோ இருந்தால் இன்னும் நல்லது. பெயரைச் சொல்லாமல், 'யாரோ மிகப் பெரிய இடத்தவராம்' என்று பத்திரிகைகளில் கசியவிட்டால் அதைவிட நல்லது! வில்லியம் ஹாஸ்லிட் என்ற எழுத்தாளர் 1827-இல் இந்த ஏடுகளைக் கிண்டல் செய்தார்: பெரிய மனிதர்கள் வெள்ளி முட்கரண்டியால் மீன் தின்கிறார்கள் என்பதைக் கண்டு பூரித்துப் போகிறவர்கள் எழுதுவது இது என்றார். 'வெள்ளி முட்கரண்டி நாவல்' என்ற பெயரே நிலைத்துவிட்டது. அந்த வகையில் எழுதிக் குவித்தவர்களில் முதல் வரிசை காதரின் கோர் அம்மையார். பத்துப் பிள்ளைகளின் தாய், ஏறத்தாழ எழுபது நூல்களின் ஆசிரியர். சரவிளக்கைப் பற்றி எழுதியவர் எத்தனை இரவுகள் ஒற்றை மெழுகுவர்த்தியில் விழித்திருந்தாரோ!

அந்த நாவல்களிலே அடிக்கடி வரும் இடம் 'ஆல்மாக்ஸ்' மண்டபம். செயின்ட் ஜேம்ஸ் பகுதியில் கிங் வீதியில் 1765-இல் திறக்கப்பட்டது. புதன்கிழமை இரவு நடனம். உள்ளே போக அனுமதிச் சீட்டு வேண்டும். சீட்டை வழங்குவதோ ஒரு சிறு சீமாட்டிகள் குழு. பணம் மட்டும் இருந்தால் கதவு திறக்காது. வாட்டர்லூவிலே நெப்போலியனை வென்ற வெலிங்டன் பிரபுவையே அந்த வாசலிலிருந்து திருப்பி அனுப்பிவிட்டார்கள் என்று ஒரு கதை வழங்குகிறது. பார்த்தீர்களா, பெண்களின் ஆட்சியை! படைத்தலைவனையே வாசலில் நிறுத்தும் அதிகாரம்!

அந்த அதிகாரம் அந்த வாசற்படியோடு சரி. மண்டபத்தைவிட்டு வண்டி ஏறி வீடு போய்ச் சேர்ந்தால், சட்டத்தின் கண்ணுக்கு அந்தச் சீமாட்டி ஓர் ஆளே அல்ல. கணவனும் மனைவியும் ஒரே ஆள் என்றது ஆங்கிலப் பொதுச் சட்டம். கேட்க எவ்வளவு இனிமை! ஈருடல் ஓருயிர் என்று நம்மவர் பாடுவது போல! ஆனால் அந்த ஒரே ஆள் யார்? கணவன். மனைவி கொண்டுவந்த ரொக்கம் அவனுடையது. காதுத் தோடு அவனுடையது. அவள் உழைத்துச் சம்பாதித்த கூலி அவனுடையது. அவள் எழுதிய புத்தகத்தின் உரிமையும் அவனுடையது! அவள் பெயரில் ஒப்பந்தம் செல்லாது; அவளாக வழக்குத் தொடுக்க முடியாது. பெற்ற பிள்ளைகூட அவனுடையதுதான். கோடீசுவரத் தகப்பன்மார் மட்டும் மகளுக்கென்று தர்மகர்த்தாக்களை நியமித்து, மருமகன் கைக்கு எட்டாமல் சொத்தைக் கட்டிவைப்பார்கள். அதற்கு வழியற்ற நடுத்தரக் குடும்பத்துப் பெண்ணுக்கும், ஆலையிலே நூல் இழுத்த பெண்ணுக்கும் எந்தக் காப்பும் இல்லை.

இந்தச் சட்டத்தின் கீழே இருந்துகொண்டுதான் பெண்கள் பேனா பிடித்தார்கள். எப்படி? திருடனைப் போல ஒளிந்துகொண்டு! பிரான்சிஸ் பர்னி, 1778-இல் 'எவலினா' என்ற நாவலை வெளியிட்டார். ஓர் இளம் பெண் இலண்டன் பெருந்தனக்காரர் நடுவே வந்து விழித்த கதை. தகப்பனாரின் நூல்களுக்குப் படியெடுத்துக் கொடுத்தவர் ஆகையால், தம் கையெழுத்து அச்சகத்தாருக்குத் தெரிந்துவிடுமே என்று பயந்து, கையெழுத்தையே மாற்றி இரவோடு இரவாக எழுதினார். உடன்பிறந்தவன் ஒருவன் மாறுவேடம் போட்டுக்கொண்டு கைப்பிரதியைக் கொண்டுபோய்க் கொடுத்தான். விலை 20 கினி. ஊரே அந்த நூலைப் பற்றிப் பேசியபோது, எழுதியவர் வாய்மூடி உட்கார்ந்திருந்தார்.

ஜேன் ஆஸ்டின் பெயர் இன்று உலகமெங்கும் தெரியும். அவர் உயிரோடு இருந்த நாளில் ஒரு நூலின் முகப்பிலும் அந்தப் பெயர் இல்லை! 1811-இல் வந்த முதல் நாவலில் 'ஒரு சீமாட்டி எழுதியது' என்று மட்டும் இருந்தது. அதற்கு முன்பே, 1803-இல், ஒரு நாவலை இலண்டன் பதிப்பாளர் ஒருவர் 10 பவுனுக்கு வாங்கி, அச்சிடாமலே பெட்டியில் போட்டுவிட்டார். அதே 10 பவுனைக் கொடுத்து 1816-இல் அதை மீட்கவேண்டியிருந்தது. 1817-இல் அம்மையார் மறைந்தார். வின்செஸ்டர் பெருங்கோயிலில் அவரது கல்லறைக்கல், அவரது குணநலன்களை அடுக்கிச் சொல்கிறது. அவர் நூல் எழுதினார் என்று ஒரு சொல் சொல்லவில்லை. இருநூறு ஆண்டுகள் கழித்து, 2017-இல், இங்கிலாந்து வங்கி அவர் முகத்தை நோட்டிலே அச்சிட்டது. எந்த நோட்டில்? பத்துப் பவுன் நோட்டில்! கணக்கு நேர் செய்தார்கள் போலும்.

ஆஸ்டின் மணமாகாதவர், ஆகவே வந்த காசு சிறிதானாலும் அவருடையது. மணமானவர் கதை வேறு. எலிசபெத் காஸ்கெல் அம்மையாரை எடுத்துக்கொள்ளுங்கள். மான்செஸ்டர் பஞ்சாலைத் தொழிலாளரின் பசியையும் கோபத்தையும் 1848-இல் 'மேரி பார்ட்டன்' என்று நாவலாக்கியவர். சரவிளக்கை விட்டுவிட்டுத் தொழிலாளியின் குடிசைக்குள் நாவலைக் கொண்டுபோனவர்களில் முன்னோடி. நம் தோழர்கள் கட்டாயம் அறிந்திருக்கவேண்டிய பெயர். 1850-இல் ஒரு கதைக்கு 20 பவுன் வந்தது. 'இவ்வளவு பணமா, ஏமாற்றி வாங்கிவிட்டேனோ' என்று அம்மையார் வியந்துகொண்டிருக்கும்போதே, கணவர் அமைதியாக அதைத் தம் சட்டைப்பையில் போட்டுப் பொத்தானையும் பூட்டிக்கொண்டாராம். தோழிக்கு எழுதிய கடிதத்தில் வேடிக்கையாகச் சொல்லியிருக்கிறார். கணவர் கெட்டவரல்ல, பாதிரியார், நல்ல மனிதர். நல்ல மனிதரும் அப்படிச் செய்யலாம், அதில் தவறொன்றும் இல்லை என்றது சட்டம். அப்படியானால் கெட்ட மனிதன் கையிலே அந்தச் சட்டம் என்ன ஆகும்? கேளுங்கள் காரலைன் நார்ட்டன் கதையை.

1808-இல் பிறந்தவர். நாடக ஆசிரியர் ஷெரிடனின் பேத்தி. அக்காள், தங்கை, இவர் என மூவரும் அழகிலும் பேச்சிலும் இலண்டனைக் கட்டிப்போட்டவர்கள். (பிற்காலத்தில், 1884 முதல் 1888 வரை, இந்தியாவிலே வைசிராயாக இருந்த டப்ரின் பிரபு இவரது அக்காள் மகன்.) அழகு இருந்தது, குலப்பெருமை இருந்தது, பணந்தான் இல்லை. 1827-இல் ஜார்ஜ் நார்ட்டன் என்பவனுக்கு மணமுடித்தார்கள். பிரபு ஒருவரின் தம்பி, பார்லிமெண்டு உறுப்பினன், பெயர் மட்டும் பெரிது. 1829-இல் அம்மையார் ஒரு கவிதை நூலை வெளியிட்டு, வந்த பணத்தைக் கொண்டு தம் முதல் பிரசவச் செலவைக் கட்டினார். அதன் பிறகு பத்திரிகை ஆசிரியர் வேலை, ஆண்டு மலர்கள், கவிதை, கதை என்று எழுத்து ஓயவில்லை. குடும்பம் நடந்தது அந்தப் பேனாவால்.

அவனுக்கு ஒரு வேலை வேண்டுமே! அம்மையார் மெல்போர்ன் பிரபுவிடம் சொல்லி, 1831-இல் ஆண்டுக்கு 1,000 பவுன் சம்பளத்தில் மாஜிஸ்திரேட்டுப் பதவி வாங்கிக் கொடுத்தார். மாஜிஸ்திரேட்டு! பகலில் பீடத்தில் ஏறி உட்கார்ந்து ஊராருக்கு நீதி வழங்கினான். இரவில் வீட்டிலே மனைவியை உதைத்தான். கொதிக்கும் தேநீர்க் கெண்டியை எடுத்து அவர் கைமேல் வைத்தான் என்று அம்மையாரே பின்னர் எழுதினார்.

1836-இல், மூன்று பிள்ளைகளையும் தாயிடமிருந்து பிரித்துக் கொண்டுபோய்விட்டான். அம்மட்டோ! மெல்போர்ன் அப்போது பிரதமர். பிரதமர் தன் மனைவியைக் கெடுத்துவிட்டார், நஷ்டஈடாக 10,000 பவுன் வேண்டும் என்று வழக்குப் போட்டான்! மாடு காணாமற் போனால் மாட்டுக்காரன் விலை கேட்பதில்லையா, அதே கணக்கு! ஜூன் 22-ஆம் நாள் வழக்கு. நீதிமன்றத்தில் நிருபராக இருந்து எழுதியவர்களில் ஒருவர், அப்போது இளைஞராக இருந்த சார்லஸ் டிக்கன்ஸ். வேலையைவிட்டு நீக்கப்பட்ட பணியாட்களைச் சாட்சிக் கூண்டில் ஏற்றிப் பார்த்தார்கள், எடுபடவில்லை. ஜூரிகள் இருந்த இடத்தைவிட்டு எழாமலே குற்றமில்லை என்று தீர்ப்புச் சொன்னார்கள். பிரதமர் பதவியில் நிலைத்தார். நார்ட்டனும் மாஜிஸ்திரேட்டு நாற்காலியில் மேலும் நெடுங்காலம் உட்கார்ந்திருந்தான். அம்மையாரோ? அந்த வழக்கில் அவர் வாதியும் அல்ல, பிரதிவாதியும் அல்ல. தம் மானம் ஏலம் போடப்பட்ட இடத்தில் வாய்திறக்க அவருக்கு உரிமை இல்லை. மானம் தப்பியது, பிள்ளைகள் திரும்பவில்லை. தகப்பன் சொத்தல்லவா பிள்ளைகள்!

அதே 1836-இல் அம்மையார் பெயர் போடாமல் ஒரு கவிதை நூல் வெளியிட்டார். எதைப் பற்றி? பறிபோன தம் பிள்ளைகளைப் பற்றியா? இல்லை. ஆலைகளில் வேலை செய்யும் ஏழைக் குழந்தைகளைப் பற்றி! ஒன்பது வயது நிறைந்த பிள்ளையை வாரம் 48 மணி நேரம் நெசவாலையில் நிறுத்தி வைப்பதைச் சட்டமே அனுமதித்த காலம். அந்தப் பிள்ளைகளின் குரலாக எழுதி, ஆலைச் சட்டத்துக்காகப் போராடிய ஆஷ்லி பிரபுவுக்குக் காணிக்கை ஆக்கினார். சீமாட்டிக்கு அந்தக் குரல் எப்படிக் கேட்டது என்று நான் பலமுறை எண்ணிப் பார்த்ததுண்டு. தன் பிள்ளையை இழந்தவளுக்குப் பிறர் பிள்ளையின் அழுகை காதில் விழுந்தது என்றுதான் தோன்றுகிறது.

பிறகு பேனாவைச் சட்டத்தின் பக்கம் திருப்பினார். தாய்க்குப் பிள்ளைமேல் உரிமை வேண்டும் என்று சிறு நூல்கள் எழுதினார். அதில் ஒன்றை, பெண் எழுதினால் யார் மதிப்பார்கள் என்று, பியர்ஸ் ஸ்டீவென்சன் என்ற ஆண் பெயரில் வெளியிட்டார். 1839 ஆகஸ்டு மாதம் குழந்தைகள் பாதுகாப்புச் சட்டம் நிறைவேறியது. ஏழு வயதுக்குட்பட்ட பிள்ளையைத் தன்னிடம் வைத்துக்கொள்ளவும், அதற்கு மேற்பட்ட பிள்ளைகளைப் பார்க்கவும் தாய் நீதிமன்றத்தை நாடலாம் என்றது. அதே ஆகஸ்டு மாதம்! ஸ்காட்லாந்திலே எக்ளின்டன் பிரபு இடைக்கால வீரர்களைப்போல இரும்புக் கவசம் போட்டு ஈட்டிப் போட்டி நடத்தினார். அதற்கு 'அழகு ராணி'யாகக் கொலுவிருந்தவர் அம்மையாரின் தங்கை ஜார்ஜியானா. கொட்டிய மழையில் கவசமும் கொலுவும் நனைந்து குடை தேடி ஓடிய கூத்தைப் பற்றி எத்தனையோ பேர் விரித்து எழுதியிருக்கிறார்கள். சீமாட்டிகளைப் பற்றிய நூல்களில் அந்தக் குடைகளுக்குப் பக்கம் பக்கமாக இடம் உண்டு. அக்காள் பெற்றுத் தந்த சட்டத்துக்கு ஒரு வரி கிடைத்தால் அதிகம்.

அந்தச் சட்டமாவது அம்மையாருக்குப் பயன்பட்டதா? நார்ட்டன் பிள்ளைகளை ஸ்காட்லாந்தில் வைத்திருந்தான். அங்கே அந்தச் சட்டம் செல்லாது! 1842-இல் கடைக்குட்டி வில்லியம் குதிரையிலிருந்து விழுந்து காயம் பட்டு இறந்தான். சேதி கேட்டு ஓடிய தாய் போய்ச் சேர்ந்தபோது பிள்ளை உயிரோடு இல்லை.

ஒன்றை மறைக்காமல் சொல்லவேண்டும். பெண்ணும் ஆணும் சமம் என்ற கொள்கை தமக்கில்லை என்று இந்த அம்மையாரே எழுதினார். தாம் கேட்பது பாதுகாப்பு, சமத்துவம் அல்ல என்றார். எனக்குப் பிடிக்காத பேச்சு அது. 1839 சட்டமும் உயர்நீதிமன்றப் படியேறக் காசுள்ள தாய்க்குத்தான் உதவியது. சலவைக்காரியின் பிள்ளைக்கு அது எட்டவில்லை. ஆனாலும், கோட்டைச் சுவரில் முதல் கல்லைப் பெயர்த்தவரிடம் முழுக் கோட்டையையும் ஏன் இடிக்கவில்லை என்று சண்டை பிடிக்க எனக்கு மனம் வரவில்லை.

இனிக் கூலிக்கு வருகிறேன். 1848-இல் ஆண்டுக்கு 500 பவுன் ஜீவனாம்சம் தருவதாக நார்ட்டன் பத்திரம் எழுதிக் கொடுத்தான். அம்மையாரின் தாயார் இறந்து, மகளுக்குச் சிறு வருமானம் வைத்துப் போனதும், பணத்தை நிறுத்திக்கொண்டான். பத்திரம் இருக்கிறதே என்றால், அவன் சொன்ன பதிலைக் கேளுங்கள்: கணவனும் மனைவியும் சட்டத்தில் ஒரே ஆள், ஒருவன் தனக்குத் தானே ஒப்பந்தம் செய்துகொள்ள முடியுமா? ஆகவே பத்திரம் செல்லாது! சட்டப்படி அவன் சொன்னது சரி. 1853-இல், வண்டி பழுதுபார்த்த கடன்காரர் தொடுத்த வழக்கில் எல்லாம் சந்திக்கு வந்தது. மனைவியின் வங்கிக் கணக்கைக் காட்டு என்றும், பதிப்பாளர்களிடம் அவர் வாங்கிய பணம் எவ்வளவு என்றும், வழக்கு மன்றத்தில் கேட்கச் செய்தான். எழுத்திலே ஒரு வரி அவன் எழுதவில்லை. எழுதிய கையைச் சுட்டவன் அவன். கூலி மட்டும் அவனுக்கு!

வாரக் கடைசியில் நீர் வாங்கும் கூலியை, உம்மை அடித்துத் துரத்திய ஒருவன் வந்து, "இது எனக்குச் சேரவேண்டியது" என்று சட்டப்படி எண்ணி எடுத்துப் போனால் எப்படி இருக்கும் தோழரே? அம்மையார் அழுதுகொண்டு உட்கார்ந்திருக்கவில்லை. 1854-இல் பெண்களுக்கான ஆங்கிலச் சட்டங்களைப் பற்றி ஒரு நூல். 1855-இல் விக்டோரியா அரசிக்கே ஒரு பகிரங்கக் கடிதம். நாட்டை ஆள்வது ஒரு பெண். அந்த நாட்டிலே மணமான பெண்ணுக்குத் தன் கைக்காசு சொந்தமில்லை. இந்த முரணைத்தான் அரசியின் முன்னால் எடுத்து வைத்தார். 1857-இல் வந்த மணமுறிவுச் சட்டத்திலே, கைவிடப்பட்ட மனைவியின் சம்பாத்தியத்தைக் கணவன் தொடமுடியாதபடி ஒரு காப்புச் சேர்ந்தது.

தனிமரம் அல்ல அவர். 1856-இல் பார்பரா லீ ஸ்மித் என்ற இளம்பெண் முன்னின்று, மணமான பெண்ணுக்குச் சொத்துரிமை கேட்டு நாடெங்கும் விண்ணப்பம் திரட்டினார். சுமார் 26,000 கையெழுத்துகள். எலிசபெத் பாரெட் பிரவுனிங், ஹாரியட் மார்ட்டினோ, ஜார்ஜ் எலியட் என்ற ஆண் பெயரில் பின்னர் புகழ்பெற்ற மேரியன் எவான்ஸ் எல்லாரும் அதில் ஒப்பமிட்டார்கள். கணவர் பொத்தான் பூட்டியதை வேடிக்கையாக எழுதினாரே காஸ்கெல் அம்மையார், அவருடைய ஒப்பமும் அதிலே இருந்தது.

பார்லிமெண்டு வழக்கம்போல் கொட்டாவி விட்டது. பதினான்கு ஆண்டு சென்று, 1870-இல்தான், மணமான பெண்களின் சொத்துச் சட்டம் வந்தது. அதன் முதல் பிரிவை நம் தோழர்கள் படித்துப் பார்க்கவேண்டும். வேலை செய்து பெறும் கூலியும், இலக்கியத் திறமையால் பெறும் பணமும் மனைவிக்கே சொந்தம் என்று ஒரே வாக்கியத்தில் சொல்கிறது. ஆலையிலே நூல் இழுத்தவளும் அறையிலே நாவல் எழுதியவளும் ஒரே பிரிவில்! ஆல்மாக்ஸ் மண்டபத்துச் சீட்டிலே இந்த இருவரையும் சேர்த்து எழுதியிருப்பார்களா? எல்லாச் சொத்துக்கும் உரிமை கிடைக்க 1882 வரை காத்திருக்கவேண்டி வந்தது.

நடுவிலே இங்கும் ஒரு கிளை முளைத்தது. இந்தியாவுக்கு 1874-இல் அதே பெயரில் ஒரு சட்டம் செய்தார்கள். ஆனால் இந்து, முஸ்லிம், பௌத்த, சீக்கிய, சமணப் பெண்களுக்குப் பொருந்தாது என்று விலக்கு வைத்தார்கள். அப்புறம் இந்த நாட்டிலே மிச்சம் எத்தனை பேர்! பின்னாளில் அதன் ஆறாம் பிரிவு மட்டும் எல்லாருக்கும் விரிந்தது. மனைவி மக்கள் நலனுக்கென்று எழுதி வைத்துக் கணவன் எடுக்கும் ஆயுள் இன்சூரன்சுப் பணத்தில் அவனது கடன்காரன் கை வைக்க முடியாது என்று இன்றும் முகவர்கள் சொல்வார்களே, அது இந்தச் சட்டத்தின் பிரிவுதான்.

காரலைன் நார்ட்டனைச் சிங்கார உலகம் எப்படி நினைவில் வைத்தது தெரியுமா? பிரபுக்கள் சபை மண்டபத்துச் சுவரிலே மாக்ளிஸ் என்ற ஓவியர் தீட்டிய நீதிதேவதைக்கு முகம் கொடுத்தவர் இவர் என்பார்கள். முகம் வேண்டும் அவர்களுக்கு. நீதி கேட்டால் மட்டும் காது கேளாது! அவர் இறந்த எட்டாண்டுக்குப் பிறகு, 1885-இல், ஜார்ஜ் மெரிடித் 'டயானா ஆப் தி கிராஸ்வேஸ்' என்றொரு நாவல் எழுதினார். நாயகியின் சாயல் காரலைன் என்று ஊரறியும். அந்த நாயகி, அமைச்சர் சொன்ன அரசாங்க இரகசியத்தைப் பணத்துக்குப் பத்திரிகைக்கு விற்றதாகக் கதை! கலப்படமற்ற பொய். அது கட்டுக்கதை, அப்படியே படிக்கவேண்டும் என்று பின் பதிப்புகளில் ஒரு குறிப்புச் சேர்த்தார்கள். சீமாட்டியைப் பற்றிய புத்தகத்தைச் சீமாட்டி எழுதாவிட்டால் இதுதான் கதி. குறிப்பை எத்தனை பேர் படித்தார்கள், கதையை எத்தனை பேர் படித்தார்கள் என்று கணக்கெடுக்கவா வேண்டும்!

ஜார்ஜ் நார்ட்டன் 1875-இல் செத்தான். 1877 மார்ச்சில், தம் நெடுநாள் நண்பரான சர் வில்லியம் ஸ்டர்லிங்-மாக்ஸ்வெல்லை அம்மையார் மணந்தார். ஜூன் மாதம் மறைந்தார். 1870 சட்டம் வந்தபோது அவருக்கு வயது 62. அவரது கடைசி நாவல் வெளிவந்தது 1867-இல். சட்டமோ, தான் நிறைவேறிய 1870 ஆகஸ்டு 9-க்குப் பிறகு ஈட்டியதற்குத்தான் பொருந்தும் என்று எழுதியிருந்தது.